கார்லைல் பள்ளியின் 1912-ஆம் ஆண்டுப் பந்தாட்டம்

அமெரிக்கர்கள் 'ஃபுட்பால்' என்று வழங்கும் ஆட்டம், கொல்கத்தா மைதானத்திலும் டில்லி அம்பேத்கர் அரங்கிலும் நேயர்கள் கண்டு களிக்கும் கால்பந்து அன்று. அங்கே பந்து உருண்டையாக இராது. இரு முனையும் கூம்பிய நீள்வடிவமாக இருக்கும். அதைக் காலால் உதைப்பது சிறுபான்மை. கையில் ஏந்திக்கொண்டு எதிரியின் எல்லையை நோக்கி ஓடுவதே பெரும்பான்மை. ஓடுபவனை எதிர்த்தரப்பினர் பாய்ந்து பிடித்துத் தரையில் வீழ்த்துவர். நம் சடுகுடு ஆட்டத்தில் பாடிச் செல்பவனைப் பலர் சூழ்ந்து மடக்குவதை நினைத்துக்கொண்டால், அந்த ஆட்டத்தின் உயிர்நிலை ஓரளவு விளங்கும். பந்தோடு எதிரியின் கடைக்கோட்டைக் கடந்துவிட்டால் அது 'டச்டவுன்'. அதற்குப் பின் பந்தைக் கம்பங்களுக்கு இடையே உதைத்துச் செலுத்தினால் மேலும் ஒரு புள்ளி கிடைக்கும். ஆட்டத்தின் நடுவே கம்பங்களுக்கு இடையே உதைத்துப் பெறும் கோலுக்கு 3 புள்ளிகள்.

அந்த ஆட்டத்தின் வரலாற்றில் மறவாது பேசப்படும் ஒரு பருவம் 1912-ஆம் ஆண்டின் இலையுதிர் காலம். அப்பருவத்தில் பெரும் புகழ் பெற்றது, ஹார்வர்டு போன்ற செல்வக் கல்லூரி அன்று. பென்ஸில்வேனியா மாநிலத்தின் கார்லைல் என்னும் சிற்றூரில், அமெரிக்காவின் பூர்வகுடி மக்களுடைய பிள்ளைகளுக்காக அரசாங்கம் நடத்திய ஒரு விடுதிப் பள்ளியே அது. கொலம்பஸ் செய்த பிழையால் அம்மக்கள் 'இந்தியர்' என்று பெயர் பெற்றனர். நம் நூல்கள் அவர்களைச் 'செவ்விந்தியர்' என்று குறித்து வந்தன. கார்லைல் அணிக்கும் 'இண்டியன்ஸ்' என்றே பெயர்.

அந்த அணியின் கதையை வெறும் வெற்றி தோல்விக் கணக்காகச் சொல்லிவிடலாம். ஆனால் அதில் நாம் அறியவேண்டிய செய்தி வேறொன்று உண்டு. விதி இரு தரப்பார்க்கும் ஒன்றாக இருந்த இடத்தில் அந்த இளைஞர்கள் எதைச் சாதித்தார்கள், விதி ஒன்றாக இராத இடத்தில் அவர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதே அச்செய்தி.

பள்ளியின் தோற்றம்

கார்லைல் பள்ளி 1879-இல் தொடங்கப்பட்டது. அதனைத் தோற்றுவித்தவர் ரிச்சர்டு ஹென்றி பிராட் என்னும் இராணுவ அதிகாரி. பழைய படைவீடு ஒன்றே பள்ளிக்கூடமாயிற்று. பூர்வகுடிகளை அழிப்பது தகாது, அவர்களும் மனிதரே என்று வாதாடியவர் பிராட்; அந்த அளவில் அக்காலத்தார் பலரினும் அவர் மேலானவர். ஆயினும் அவர் கண்ட வழி, மனிதனைக் காப்பாற்றுவதற்காக அவனுள் இருக்கும் இந்தியனைக் கொன்றுவிடவேண்டும் என்பது. இக்கருத்தை அவர் 1892-இல் ஒரு மாநாட்டில் ஒளிவுமறைவின்றி எடுத்துரைத்தார்.

அதன் பொருள் யாதெனில், பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து நூற்றுக்கணக்கான கல் தொலைவுக்குப் பிரித்துக் கொணர்ந்து, அவர்களுடைய மொழி, உடை, பெயர், வழிபாடு அனைத்தையும் மாற்றிவிடுவது என்பதாகும். முதன்முதலில் வந்து சேர்ந்தவர்கள் லகோட்டா இனத்துச் சிறுவர் சிறுமியர். வந்ததும் அவர்களுடைய நீண்ட கூந்தலைக் கத்தரித்தார்கள். லகோட்டா வழக்கில் கூந்தலைக் களைவது இழவின் அடையாளம். அக்குழந்தைகள் எவ்வாறு கலங்கியிருப்பர் என்பதை நாம் ஊகித்துக்கொள்ளலாம். பின்னாளில் எழுத்தாளராக விளங்கிய லூதர் ஸ்டாண்டிங் பேர் அந்த முதற் குழுவில் வந்தவர். கரும்பலகையில் எழுதப்பட்டிருந்த, தமக்கு வாசிக்கத் தெரியாத பெயர்களில் ஒன்றைக் கோலால் சுட்டிக் காட்டும்படி பணிக்கப்பட்டதாகவும், அன்று முதல் அதுவே தம் பெயராயிற்று என்றும் அவர் எழுதியிருக்கிறார்.

பள்ளியில் தாய்மொழி பேசுதல் தடை செய்யப்பட்டிருந்தது. அரை நாள் பாடம், அரை நாள் தையல், தச்சு, கொல்லுவேலை போன்ற தொழில்கள். விடுமுறைக் காலத்தில் பலரை வீட்டுக்கு அனுப்பாமல், வெள்ளையர் குடும்பங்களில் வேலைக்கு அமர்த்தினார்கள். நோயுற்று அங்கேயே மாண்டு, அங்கேயே புதைக்கப்பட்ட பிள்ளைகளும் பலர். பிழைப்பை நாடித் தாமே பிற மாநிலங்களுக்குச் சென்று, வீட்டில் தமிழையும் வெளியில் இந்தியையோ வங்காளியையோ மராத்தியையோ பேசி வாழும் நம் போன்றோரின் நிலை வேறு. தாய்மொழியே குற்றமாகக் கருதப்பட்ட அந்தப் பிள்ளைகளின் நிலை வேறு. இவ்வேறுபாட்டை மனத்திற் கொண்டே மேலே செல்ல வேண்டும்.

பந்தாட்டம் வந்த விதம்

1890-ஆம் ஆண்டு வாக்கில் கார்லைல் மாணவர்கள் அருகிலிருந்த டிக்கின்ஸன் கல்லூரியோடு பந்தாடியபோது, ஒரு மாணவனுக்குக் கால் முறிந்தது. பிராட் ஆட்டத்தை நிறுத்திவிட்டார். சில காலம் கழித்து மாணவர்கள் கூட்டமாக அவரிடம் சென்று, ஆட அனுமதிக்கும்படி வேண்டினர். அவர் இரண்டு நிபந்தனைகள் விதித்தார். எதிரி எவ்வளவு முரட்டுத்தனமாக நடந்தாலும் திருப்பி அடிக்கக் கூடாது. அடித்தால் இந்தியர் காட்டுமிராண்டிகள் என்று உலகம் சொல்லும் என்பது முதலாவது. சில ஆண்டுகளுக்குள் நாட்டின் மிகச் சிறந்த அணியை வெல்லவேண்டும் என்பது இரண்டாவது. மாணவர்கள் இரண்டுக்கும் இசைந்தனர்.

இரண்டாவது நிபந்தனை எளிதன்று. அக்காலத்து ஆட்டம் உடல் எடையின் ஆட்டம். மூன்று முயற்சிகளில் 5 கெஜம் முன்னேறினால் பந்தைத் தொடர்ந்து வைத்துக்கொள்ளலாம் என்பது விதி. ஆகவே, கனத்த ஆட்கள் நெருக்கமாகக் கூடி, ஒருவரை ஒருவர் தள்ளியும் இழுத்தும் எதிரியின் வரிசையை இடித்து உடைப்பதே உத்தியாக இருந்தது. கார்லைல் மாணவர்களோ பெரும்பாலும் மெலிந்தவர்கள். எனவே விரைவும் தந்திரமும் அவர்களுடைய ஆயுதங்களாயின.

அந்தத் தந்திரங்களில் ஒன்று மிகப் பிரசித்தம். 1899-இல் பயிற்சியாளராக வந்த கிளென் வார்னர் என்பவர், 'பாப்' வார்னர் என்று அழைக்கப்பட்டவர், ஓர் ஆட்டக்காரரின் சட்டையின் பின்புறத்தில் நெகிழ்நாடா தைக்கச் செய்தார். 1903-இல் ஹார்வர்டுக்கு எதிரான ஆட்டத்தில், பந்து கைக்கு வந்ததும் கார்லைல் ஆட்கள் வட்டமாகக் குழுமினர். கண்ணிமைக்கும் நேரத்தில் பந்து சார்லஸ் டில்லன் என்பவரின் முதுகுச் சட்டைக்குள் மறைந்தது. பிறகு எல்லோரும் பந்து வைத்திருப்பவர்போல் பாவித்துத் திசைக்கு ஒருவராக ஓடினர். ஹார்வர்டு வீரர்கள் பந்தைத் தேடிக்கொண்டிருக்கையில் டில்லன் கடைக்கோட்டைக் கடந்துவிட்டார். அந்த ஆட்டத்தில் ஹார்வர்டு 12-க்கு 11 என்ற கணக்கில் வென்றது. ஆயினும் மக்கள் நினைவில் நின்றது டில்லனின் முதுகே.

விதிகள் மாறியதன் பயன்

1905-ஆம் ஆண்டு இந்த ஆட்டத்துக்கே ஒரு கண்டம் வந்தது. அப்பருவத்தில் மட்டும் பதினெட்டுப் பேர் ஆட்டத்தால் மாண்டனர் என்று அக்காலப் பத்திரிகைக் கணக்கு கூறியது. பல கல்லூரிகள் ஆட்டத்தைக் கைவிட முற்பட்டன. குடியரசுத் தலைவர் தியடோர் ரூஸ்வெல்ட், ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆகிய மூன்று கல்லூரிகளின் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு அழைத்து, ஆட்டத்தைச் சீர்திருத்துமாறு வற்புறுத்தினார். அவருடைய மகனும் அப்போது ஹார்வர்டில் பந்தாடிக்கொண்டிருந்தார் என்பது குறிப்பிடத்தக்கது.

விளைவாக 1906-இல் புது விதிகள் பிறந்தன. மூன்று முயற்சிகளில் 5 கெஜம் என்பது 10 கெஜம் ஆயிற்று. இடித்துத் தள்ளும் முறையால் மட்டும் அத்தனை தூரம் செல்லுதல் அரிது. மேலும், பந்தை முன்னோக்கிக் கையால் வீசலாம் என்னும் அனுமதி முதன்முறையாக வழங்கப்பட்டது. பெரிய கல்லூரிகள் பல இந்த முன்வீச்சை ஐயத்தோடு நோக்கின. கார்லைலோ அதை ஆவலோடு கைக்கொண்டது. 1907-இல் பென்ஸில்வேனியாப் பல்கலைக்கழகத்துக்கு எதிராகப் பீட் ஹௌஸர் என்பவர், பந்து சுழன்று நேராகச் செல்லும்படி நெடுந்தூரம் வீசினார். அன்று கார்லைல் 26-க்கு 6 என்று வென்றது. அப்பருவத்திலேயே ஹார்வர்டையும் சிகாகோவையும் வென்று, பிரின்ஸ்டனிடம் மட்டும் தோற்றது. பிராட் விதித்த இரண்டாவது நிபந்தனை, அவர் பள்ளியை விட்டு 1904-இல் நீங்கிய பின்னர் இவ்வாறு நிறைவேறியது.

1912-இல் விதிகள் மீண்டும் திருத்தப்பட்டன. ஆடுகளம் 110 கெஜத்திலிருந்து 100 கெஜமாகக் குறைந்தது. இரு கோடியிலும் 10 கெஜ அகலமுள்ள எல்லைக் கட்டங்கள் அமைந்தன. அவற்றினுள் பந்தைப் பிடித்தாலும் டச்டவுன் ஆகும். முன்வீச்சு 20 கெஜத்துக்கு மேற்செல்லலாகாது என்றிருந்த தடை நீங்கியது. முயற்சிகள் மூன்றிலிருந்து நான்காயின. டச்டவுனின் மதிப்பு ஐந்திலிருந்து ஆறாக உயர்ந்தது. இன்று அமெரிக்கர் ஆடும் ஆட்டத்தின் அடிப்படை அன்றே அமைந்துவிட்டது எனலாம். இம்மாற்றங்கள் கார்லைலுக்காகச் செய்யப்பட்டவை அல்ல; உயிர்ச்சேதத்தைக் குறைக்கவும் ஆட்டத்தைச் சுவையாக்கவும் செய்யப்பட்டவை. ஆனால் எடை மிகுந்தவனுக்கு மட்டும் சாதகமாயிருந்த விதிகள், விரைந்து ஓடுபவனுக்கும் சிந்தித்து ஆடுபவனுக்கும் சம வாய்ப்பளிக்கும் விதிகளாக மாறின. அந்த வாய்ப்பைக் கார்லைல் நன்கு பயன்படுத்திக்கொண்டது.

1912-ஆம் ஆண்டுப் பருவம்

அவ்வாண்டில் அணித்தலைவராக இருந்தவர் ஜிம் தார்ப். ஓக்லஹோமாப் பகுதியில், ஸாக்-ஃபாக்ஸ் இனத்தில் பிறந்தவர். முந்திய ஆண்டிலேயே அவர் புகழ் பரவியிருந்தது. 1911 நவம்பர் 11 அன்று ஹார்வர்டுக்கு எதிராக அவர் ஒருவரே நான்கு உதைக் கோல்கள் எடுத்து, 18-க்கு 15 என்று வெற்றி தேடித் தந்தார்.

அதே 1911-இல், ஜூலை மாதம் 29-ஆம் நாள், கொல்கத்தாவில் மோகன் பாகான் குழுவினர், பெரும்பாலோர் வெறுங்காலுடன் ஆடி, கிழக்கு யார்க்‌ஷயர்ப் படைப்பிரிவின் அணியை 2-க்கு 1 என்று வென்று ஐ. எஃப். ஏ. கேடயத்தைப் பெற்றதை வங்கத்தில் வாழும் நேயர்கள் அறிவார்கள். இரண்டு நிகழ்ச்சிகளுக்கும் தொடர்பு ஏதும் இல்லை. எனினும், ஆளப்பட்டோர் ஆள்வோரின் ஆட்டத்தைக் கற்று, அவர்கள் விதிப்படியே அவர்களை வென்றதில் ஒப்புமை உண்டு.

1912 கோடையில் தார்ப் ஸ்வீடன் நாட்டு ஸ்டாக்ஹோம் நகரில் நடந்த ஒலிம்பிக் போட்டிகளில் கலந்துகொண்டார். ஐந்து போட்டிகள் கொண்ட பெண்டத்லானிலும், பத்துப் போட்டிகள் கொண்ட டெகத்லானிலும் தங்கப் பதக்கம் வென்றார். அதே பள்ளியைச் சேர்ந்த ஹோப்பி இனத்து லூயிஸ் தேவானிமா 10,000 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளிப் பதக்கம் பெற்றார். தேவானிமா கார்லைலுக்கு வந்த விதம் கவனிக்கத்தக்கது. தம் இனத்துப் பிள்ளைகளை அரசாங்கப் பள்ளிக்கு அனுப்ப மறுத்தவர்களுள் அவரும் ஒருவர். அதனால் இராணுவத்தினரால் பிடிக்கப்பட்டு, 1907-இல் கார்லைலுக்கு அனுப்பப்பட்டார். கைதியாக வந்தவர் ஐந்தாண்டுகளில் அதே நாட்டின் பெயரால் பதக்கம் வென்றார்.

ஒலிம்பிக்கிலிருந்து திரும்பிய தார்ப் செப்டம்பரில் மீண்டும் பந்தாட்டக் களத்தில் இறங்கினார். பந்தை எடுத்துக் கொடுத்து ஆட்டத்தை நெறிப்படுத்தியவர் ஓஜிப்வே இனத்துக் கஸ் வெல்ஷ். அலெக்ஸ் அர்காஸா, ஜோ பெர்கி, ஜோ கையன், பாஸம் பவல் ஆகியோர் மற்ற முக்கிய ஆட்டக்காரர்கள். வெவ்வேறு இனங்களிலிருந்து, வெவ்வேறு மொழி பேசும் குடும்பங்களிலிருந்து வந்தவர்கள் அவர்கள்.

செப்டம்பர் 21 முதல் நவம்பர் 28 வரை, பத்து வாரத்துக்குள், அவர்கள் ஆடியவை 14 ஆட்டங்கள். சிறிய கல்லூரிகளோடு ஆடிய முதல் நான்கில் ஆல்பிரைட்டை 50-7, லெபனன் வேலியை 45-0, டிக்கின்ஸனை 34-0, வில்லனோவாவை 65-0 என்று வென்றனர். அக்டோபர் 5 தொடங்கி நடந்த பத்து ஆட்டங்களும் பிறர் ஊரிலேயே நடந்தன. நுழைவுக் கட்டணத்தில் பங்கு பெறுவதற்காகப் பள்ளி நிர்வாகம் அணியை ஊர் ஊராக அனுப்பியது. மாணவர்கள் வாரந்தோறும் ரயிலேறினர்.

வாஷிங்டன்-ஜெஃபர்ஸன் கல்லூரியோடு ஆடிய ஆட்டம் இரு தரப்பும் புள்ளியின்றி முடிந்தது. அடுத்து, முந்திய ஆண்டில் தங்களுக்குக் கிடைத்த ஒரே தோல்விக்குக் காரணமான ஸிராக்யூஸை 33-0 என்று வென்று கணக்கைத் தீர்த்தனர். பின்னர் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தை 45-8. அக்டோபர் 26, சனிக்கிழமை, ஜார்ஜ்டவுனை 34-20. இரண்டு நாள் கழித்துத் திங்கட்கிழமையன்று கனடா சென்று டொரண்டோ அணியை 49-1. நவம்பர் 2-இல் லீஹையை 34-14. இவ்வளவுக்கும் பிறகு, நவம்பர் 9 அன்று அவர்கள் வெஸ்ட் பாயிண்ட் இராணுவக் கல்லூரியின் களத்தில் வந்து நின்றனர்.

வெஸ்ட் பாயிண்டில் நடந்தது

அந்த ஆட்டத்தின் முக்கியத்துவத்தை உணர, இருபத்திரண்டு ஆண்டுகள் பின்னோக்க வேண்டும். 1890 டிசம்பர் 29 அன்று தெற்கு டக்கோட்டாவில் வூண்டட் நீ என்னும் ஓடைக்கரையில், அமெரிக்கக் குதிரைப்படை லகோட்டா மக்களைப் பெண்டிர், குழந்தை என்று பாராமல் நூற்றுக்கணக்கில் சுட்டுக் கொன்றது. 1912-இல் களத்தில் நின்ற இளைஞர்களுள் சிலர் அக்காலத்தில் குழந்தைகளாக இருந்தவர்கள். எதிரே நின்றவர்கள் அதே இராணுவத்தில் அதிகாரிகளாகப் போகிறவர்கள். இரு தரப்பாருக்கும் இது தெரியும். பார்க்க வந்தவர்களுக்கும் தெரியும். இந்தியர் ஆடும் ஆட்டங்களைப் பத்திரிகைகள் போர்க்களச் சொற்களாலேயே வருணித்து வந்தன.

அன்று வார்னர் புதியதோர் அணிவகுப்பை வெளிப்படுத்தினார். வழக்கமாக வரிசைக்குப் பின்னால் நடுவில் நிற்கும் ஓட்டக்காரர்களில் இருவரை, வரிசையின் இரு ஓரங்களுக்கும் சற்றுப் பின்னே நிறுத்தினார். இதனால் பந்து இடப்புறம் செல்லுமா, வலப்புறம் செல்லுமா, வீசப்படுமா என்று எதிரி முன்கூட்டி அறிய இயலாது. நடுவே திரண்டு நின்று இடிக்கப் பழகிய கனத்த ஆட்களுக்கு இது பெருந்தொல்லை. பறவையின் இரு சிறகுகள்போல் அமைந்தமையால் இதற்கு 'இரட்டைச் சிறகு' அணிவகுப்பு என்று பெயர் வழங்கலாயிற்று.

முதலில் முன்னேறியது இராணுவக் கல்லூரிதான். அவர்கள் ஒரு டச்டவுன் எடுத்தனர். அதற்குப் பின் உதைத்த பந்து தவறிற்று. கணக்கு 6-0. கார்லைல் தளரவில்லை. பெர்கி கடைக்கோட்டைக் கடந்தார்; தார்ப் உதைத்த பந்து கம்பங்களினூடே சென்றது. பாதி நேரத்தில் கார்லைல் 7, இராணுவம் 6.

இதற்கிடையே கோபமும் மூண்டது. கார்லைல் வீரர் பவல் எதிரி ஒருவரைக் குத்தியதற்காகக் களத்திலிருந்து வெளியேற்றப்பட்டார். பிராட்டின் முதல் நிபந்தனையை அன்று அவரால் காக்க முடியவில்லை. இரண்டாம் பாதியில் இராணுவக் கல்லூரியின் தலைவர் லீலண்ட் டெவோர், கையன்மீது முறைகேடாகப் பாய்ந்தமைக்காக அவ்வாறே வெளியேற்றப்பட்டார். நடுவர் இரு தரப்பாரையும் ஒரே அளவுகோலால் அளந்தார். கையன் எதிரே நின்ற டெவோரைவிட உடலளவில் மிகச் சிறியவர். எனினும் பொறுமையிழந்தவர் பெரியவரே.

இரண்டாம் பாதி முழுவதும் கார்லைலுக்கு உரியதாயிற்று. தார்ப் தாமே ஓடியும், தாம் ஓடுவதாகப் பாவித்து எதிரிகளைத் தம்பால் ஈர்த்தும் வழி திறந்தார். அவ்வழியே அர்காஸா புகுந்து, மொத்தம் மூன்று டச்டவுன் எடுத்தார். கோப்பையின் பெருமை தார்ப்புக்கே சென்றாலும், அன்று கோட்டைக் கடந்தவர் பெயர்களில் தார்ப்பின் பெயர் இல்லை என்பது சுவையான செய்தி. ஆட்டம் முடிகையில் கார்லைல் 27, இராணுவக் கல்லூரி 6.

தோற்ற அணியில் தார்ப்பைத் தடுக்கப் பெரிதும் முயன்ற வீரர்களுள் ஒருவர் டுவைட் ஐஸன்ஹோவர். அடுத்த வாரம் டஃப்ட்ஸ் கல்லூரியோடு ஆடுகையில் அவருக்கு முழங்காலில் பட்ட காயம் அவருடைய பந்தாட்டத்துக்கு முற்றுப்புள்ளி வைத்தது. பின்னாளில் அவர் இரண்டாம் உலகப் போரில் ஐரோப்பாவில் நேசப்படைகளின் தலைமைத் தளபதியாகவும், பின்னர் அமெரிக்கக் குடியரசுத் தலைவராகவும் விளங்கினார். 1959 டிசம்பரில் அவர் இந்தியாவுக்கு வந்தபோது, டில்லி ராம்லீலா மைதானத்தில் மக்கள் வெள்ளமெனத் திரண்டதை முதியோர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். அத்தகைய பெருமை எய்திய பின்னரும், தாம் கண்ட ஆட்டக்காரர்களில் தார்ப்புக்கு நிகர் எவரும் இல்லை என்ற கருத்தை அவர் வெளிப்படையாகக் கூறி வந்தார்.

இராணுவத்தை வென்ற அடுத்த வாரமே கார்லைல் பென்ஸில்வேனியாப் பல்கலைக்கழகத்திடம் 34-க்கு 26 என்று தோற்றது. பருவம் முழுவதிலும் அவர்களுக்கு நேர்ந்த தோல்வி இது ஒன்றே. பிறகு ஸ்பிரிங்ஃபீல்டை 30-24 என்றும், நவம்பர் 28 அன்று பிரௌன் பல்கலைக்கழகத்தை 32-0 என்றும் வென்று பருவத்தை முடித்தனர். பன்னிரண்டு வெற்றி, ஒரு தோல்வி, ஒரு சமநிலை. எடுத்த புள்ளிகள் 504, கொடுத்தவை 114. தார்ப் எடுத்த டச்டவுன்கள் இருபத்தைந்துக்குக் குறையா.

களத்துக்கு வெளியே

இனி, களத்துக்கு வெளியே நிகழ்ந்ததைக் காண்போம். பருவம் முடிந்து இரண்டு மாதம் ஆகுமுன், 1913 ஜனவரியில், தார்ப் 1909-இலும் 1910-இலும் வட கரோலினாவில் சிறு ஊதியம் பெற்றுப் பேஸ்பால் ஆடியதாகப் பத்திரிகையில் செய்தி வெளிவந்தது. காசு பெற்று ஆடியவர் ஒலிம்பிக்கில் கலந்துகொள்ளக் கூடாது என்பது அக்கால விதி. கல்லூரி மாணவர்கள் பலர் விடுமுறையில் அவ்வாறு ஆடுவதுண்டு. அவர்கள் வேறு பெயரில் ஆடுவார்கள். தார்ப் தம் சொந்தப் பெயரில் ஆடினார். பள்ளி நிர்வாகமும் பயிற்சியாளரும் தங்களுக்கு ஒன்றும் தெரியாது என்று கை கழுவினர். அவருடைய பதக்கங்கள் பறிக்கப்பட்டன. பெயர் பதிவிலிருந்து நீக்கப்பட்டது.

ஆனால் இன்னொரு விதியும் இருந்தது. போட்டியாளரின் தகுதி குறித்த ஆட்சேபத்தைப் போட்டிகள் முடிந்த 30 நாட்களுக்குள் எழுப்பவேண்டும் என்பது அது. தார்ப்பின்மீது ஆட்சேபம் எழுந்ததோ ஆறு மாதம் கழித்து. அவருக்கு எதிரான விதி அணுவும் பிசகாமல் நிறைவேற்றப்பட்டது. அவரைக் காக்கக்கூடிய விதியை ஒருவரும் நினைவூட்டவில்லை. தார்ப் 1953-இல் காலமானார். 30 நாள் விதியை எடுத்துக்காட்டிப் பலர் வாதாடியதன் பயனாக, 1982-இல் ஒலிம்பிக் குழு அவரை இணை வெற்றியாளராக ஏற்றது. மறு ஆண்டு ஜனவரியில் பதக்கங்களின் மாதிரிகள் அவர் மக்களிடம் அளிக்கப்பட்டன. 2022 ஜூலையிலேதான் அவர் ஒருவரே வெற்றியாளர் என்று பதிவு திருத்தப்பட்டது. 110 ஆண்டுகள் கடந்துவிட்டிருந்தன.

பள்ளியின் நிலை என்னவாயிற்று? அணி ஊர் ஊராகச் சென்று ஈட்டிய பணம் எங்கே சென்றது என்ற கேள்வியை மாணவர்களே எழுப்பினர். அவர்களுள் முன்னின்றவர் கஸ் வெல்ஷ். வெஸ்ட் பாயிண்டில் அணியை நடத்திய அதே இளைஞர், சக மாணவர்களின் கையெழுத்தைத் திரட்டி அரசாங்கத்துக்கு விண்ணப்பித்தார். 1914-இல் அமெரிக்கப் பாராளுமன்றக் குழு ஒன்று கார்லைலுக்கு நேரில் வந்து விசாரித்தது. ஆட்ட நிதி முறைகேடாகக் கையாளப்பட்டது, பயிற்சியாளர் மாணவர்களைத் தகாத மொழியால் ஏசினார், மாணவர்கள் கடுமையாகத் தண்டிக்கப்பட்டனர் என்றெல்லாம் சாட்சியம் வந்தது. பள்ளித் தலைவர் மோஸஸ் ஃப்ரீட்மன் பதவியிழந்தார். வார்னர் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்துக்குச் சென்று மேலும் புகழ் பெற்றார். 1918-இல், முதல் உலகப் போரில் காயமுற்ற வீரர்களுக்கு மருத்துவமனை வேண்டும் என்று இராணுவம் கேட்டபோது, பள்ளி மூடப்பட்டது.

முப்பத்தொன்பது ஆண்டுகளில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகள் கார்லைலில் தங்கிப் பயின்றனர். அவர்களுடைய மக்கள் அனைவருக்கும் அமெரிக்கக் குடியுரிமை வழங்கும் சட்டம் 1924-இல்தான் வந்தது. தார்ப் ஸ்டாக்ஹோமில் அமெரிக்கக் கொடியின்கீழ் நின்றதற்குப் பன்னிரண்டு ஆண்டுகள் பிற்பட்டது அச்சட்டம். அங்கு மாண்ட பிள்ளைகளின் எலும்புகளைத் தங்கள் மண்ணுக்குக் கொண்டுசெல்ல அவர்களுடைய இனத்தார் நெடுங்காலம் போராடினர். 2017 முதல் கல்லறைகள் ஒவ்வொன்றாகத் திறக்கப்பட்டு, எச்சங்கள் உறவினரிடம் ஒப்படைக்கப்பட்டு வருகின்றன. 2024 அக்டோபரில் குடியரசுத் தலைவர் பைடன் இத்தகைய விடுதிப் பள்ளிகளுக்காக நாட்டின் சார்பில் மன்னிப்புக் கோரினார். அவ்வாண்டு டிசம்பரில் கார்லைல் பள்ளியின் இடம் தேசிய நினைவுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது.

1912-ஆம் ஆண்டின் வெற்றிகளைக் கார்லைல் முறைக்குக் கிடைத்த நற்சான்றிதழாகக் காட்டுவோர் அன்றும் இருந்தனர். அது பொருந்தாத வாதம். அந்த இளைஞர்களின் கால்விரைவும், கூர்த்த மதியும், ஒருவரை ஒருவர் நம்பி ஆடும் திறமும் பள்ளி அவர்களுக்குத் தந்த கொடை அல்ல. ஆட்டக்களம் அவற்றை வெளிப்படுத்த இடம் தந்தது, அவ்வளவே. அங்கே நூறு கெஜம் இரு தரப்பாருக்கும் நூறு கெஜமே. நான்கு முயற்சிகள் இருவருக்கும் நான்கே. களத்தைவிட்டு வெளியே வந்ததும் அந்த அளவுகோல் மாறிற்று. தார்ப் ஒருவரே வெற்றியாளர் என்று பதிவு திருந்த ஒரு நூற்றாண்டுக்கு மேலாயிற்று. கல்லறையில் கிடந்த பிள்ளைகள் வீடு திரும்ப அதனினும் நெடுங்காலம் ஆயிற்று.

ஆயினும் அந்த வெற்றிகள் வீண் அல்ல. தம் மொழியும் பெயரும் மறுக்கப்பட்ட ஒரு தலைமுறைக்கு, தாம் எவரினும் தாழ்ந்தவர் அல்லர் என்பதை ஊரறிய நிலைநாட்ட ஓர் இடம் கிடைத்தது. அந்தத் துணிவே பிறகு கஸ் வெல்ஷின் கையில் விண்ணப்பமாகவும் வெளிப்பட்டது. களத்தில் நேர்மையான விதி எப்படியிருக்கும் என்று கண்டவர்கள், களத்துக்கு வெளியிலும் அதனைக் கேட்கத் தொடங்கினார்கள். 1912-ஆம் ஆண்டுப் பருவத்தின் பயன்களுள் தலையாயது இதுவே எனலாம்.